சிக்னல் கடைசி இரண்டு பகுதிகள்: நீங்கள் எப்படிப் பார்த்தீர்கள்?

அடைமழை:

முதலில் எச்சரிக்கை. முடிவு வரைக்கும் எல்லாவற்றையும் பேசப்போகிறோம். இன்னும் பார்க்காதவர்கள் பார்த்துவிட்டு வாருங்கள், இந்த இழை எங்கேயும் ஓடிப்போகாது.

‘சிக்னல்’ 2016 ஜனவரி 22 முதல் மார்ச் 12 வரை தென்கொரியாவின் டிவிஎன் சேனலில் ஓடிய தொடர். மொத்தம் 16 பகுதி. எழுதியவர் கிம் உன்-ஹீ, இயக்கியவர் கிம் வோன்-சோக். 2015-இல் இருக்கும் ஹேயங் என்ற இளம் போலீஸ்காரனிடம் ஒரு பழைய வாக்கிடாக்கி வந்து சேர்கிறது. அதில் பேட்டரியே இல்லை. ஆனால் இரவு 11:23 ஆனால் உயிர் வந்துவிடும். மறுமுனையில் பேசுவது பல ஆண்டுகளுக்கு முன்பே காணாமல் போன துப்பறிவாளர் ஜேஹான். இந்த இருவருக்கும் நடுவில், ஜேஹானிடம் வேலை கற்றுக்கொண்டு இப்போது ஹேயங்குக்கு மேலதிகாரியாக இருக்கும் சூஹ்யுன். கதை அவ்வளவுதான். ஆனால் அவ்வளவு சுலபமாக விடாது.

நான் பதினைந்தாம் பகுதியோடு நிறுத்திவிட்டேன். நான்கு மாதம் கடைசிப் பகுதியைத் திறக்கவே இல்லை.

காரணம் சொல்கிறேன், சிரிக்காதீர்கள். பதினைந்தின் கடைசியில் சூஹ்யுனை நோக்கி வந்த குண்டை ஹேயங் வாங்கிக்கொண்டு விழுகிறான். அன்றைக்கு எனக்கு இரவுப்பணி முடிந்து காலை ஏழு மணி. விடுதி அறையில் கூட இருப்பவள் தூங்குகிறாள். நான் காதில் மாட்டிக்கொண்டு, போர்வைக்குள் செல்பேசியை வைத்துப் பார்த்துக்கொண்டிருந்தேன். அவன் விழுந்ததும் அடுத்த பகுதியைத் தொடப் போன விரல் நின்றுவிட்டது. தொட்டால் அவன் சாகிறானா பிழைக்கிறானா என்று முடிவாகிவிடும். தொடாவிட்டால் இரண்டும் இல்லை. வேலையில் தினம் பார்க்கிற விஷயம்தான் இது, அதனாலேயே வீட்டில் பார்க்கத் தெம்பில்லை என்று நினைக்கிறேன்.

நான்கு மாதம் கழித்து ஒரு ஞாயிற்றுக்கிழமை, துணி துவைத்துக் காயப்போட்டுவிட்டு, சட்டென்று உட்கார்ந்து பார்த்துவிட்டேன். பார்த்த பிறகு இன்னும் மோசம். முடிவு தெரிந்துவிடும் என்று பயந்து நான்கு மாதம் ஒளிந்திருந்தேன், அந்தக் கிம் உன்-ஹீ முடிவையே சொல்லவில்லை!

உங்கள் கதைகளைச் சொல்லுங்கள்.


கணக்கப்பிள்ளை:

எனக்கு அழுகை எல்லாம் வரவில்லை. கோபம்தான் வந்தது.

ஜேஹானைப் பதினைந்து பகுதி வரை செத்தவன் என்று காட்டுகிறீர்கள். எலும்பையும் எடுத்துவிட்டீர்கள். அவன் அப்பா மகனுக்குக் காரியம் செய்துவிட்டார். அப்புறம் பதினாறாம் பகுதியில் இறந்தகாலத்தை மாற்றி, 2000 ஆகஸ்ட் 3-ஆம் தேதி ஒரு மனநல மருத்துவமனைக்குப் பின்னால் அவன் சாகவில்லை, சக போலீஸ்காரர்கள் வந்து காப்பாற்றிவிட்டார்கள் என்கிறீர்கள். சரி, ஒப்புக்கொள்கிறேன். ஆனால் இறந்தகாலம் மாறினால் நிகழ்காலத்தில் இருப்பவனுக்குப் பழைய நினைவு எப்படி மிஞ்சுகிறது? ஹேயங் கண் விழிக்கிறான், அப்பா அம்மா வீட்டில் இருக்கிறார்கள், அவன் வேலை பார்த்த, தீராத பழைய வழக்குகளுக்கான பிரிவே கிடையாது. ஆனால் அவனுக்கு மட்டும் எல்லாம் ஞாபகம் இருக்கிறது. சூஹ்யுனுக்கும் இருக்கிறது. இது எந்தக் கணக்கில் சேரும்?

நான் ஒரு தாளில் கோடு போட்டுப் பார்த்தேன். 1989 ஒரு கோடு, 1995, 1997, 1999, 2000. ஒவ்வொரு வாக்கிடாக்கி அழைப்புக்கும் ஒரு அம்புக்குறி. ஐந்தாவது வழக்கு வரும்போது தாள் கிழிந்துவிட்டது. ஆனால் ஒன்றை மட்டும் மெச்ச வேண்டும். தொடக்கப் பகுதிகளில் ஜேஹான் ஹேயங்கிடம், இந்த வாக்கிடாக்கி மறுபடி பேசும், அப்போது 1989-இல் இருக்கும் என்னை நீதான் நம்பவைக்க வேண்டும் என்று சொல்லிவிட்டு அடங்குவார், கூடவே துப்பாக்கிச் சத்தம். அப்போது ஒன்றும் புரியாது. கடைசிப் பகுதிகளில் 2000-க்கு வந்து சேரும்போதுதான், நாம் தொடக்கத்தில் கேட்டது அவருடைய கடைசிப் பேச்சு என்று தெரிகிறது. அங்கே மட்டும் கணக்கு இடிக்காமல் உட்கார்ந்தது.


வெந்தயக்குழம்பு:

கணக்கு அண்ணே, உங்களுக்கு ஒரு ஆம்லெட் சோறு போட்டால் சரியாகிவிடுவீர்கள்.

நான் அம்மாவோடு பார்த்தேன். அம்மாவுக்குக் கொரிய மொழியும் தெரியாது, கீழே ஓடுகிற ஆங்கில வரியும் படிக்க வராது. நான் பக்கத்தில் உட்கார்ந்து சுருக்கமாகச் சொல்லிக்கொண்டே வருவேன். கொலை, துப்பு எல்லாவற்றிலும் அம்மா பாதித் தூக்கம். போலீஸ் மேலதிகாரி கிம் பொம்ஜூ முகத்தைப் பார்த்த நாளிலேயே ‘இவன்தான்’ என்று சொல்லிவிட்டு வெங்காயம் உரிக்கப் போய்விட்டது. (சரியாகவும் சொல்லிவிட்டது. எனக்குப் பல பகுதி தேவைப்பட்டது.)

அம்மா நிமிர்ந்து உட்கார்ந்த இடம் அந்தச் சின்னப் பையன் வரும் காட்சி. அண்ணனைச் செய்யாத குற்றத்துக்குப் பிடித்துக்கொண்டு போன பிறகு, வீட்டில் யாரும் இல்லாமல் சின்ன ஹேயங் ராத்திரியில் ஒரு பன்றித்தோல் வறுக்கிற கடைக்குள் நுழைந்து, ‘ஆம்லெட் சோறு இருக்கா’ என்று கேட்பான். அது பெரியவர்கள் குடிக்க வருகிற கடை. ஆம்லெட் சோறு எங்கே இருக்கும்? கடைக்கார அம்மா ஒரு நொடி பார்த்துவிட்டுச் செய்து கொடுப்பார். வறுத்த சோற்றை முட்டைப் போர்வையில் மூடி, மேலே தக்காளிச் சாறு. அவன் அந்தத் தட்டைப் பிடித்துச் சாப்பிடுகிற வேகத்தைக் கொஞ்சம் தள்ளி நின்று ஜேஹான் பார்த்துக்கொண்டிருப்பார்.

ரொம்பப் பின்னால்தான் வளர்ந்த ஹேயங்குக்குத் தெரியவருகிறது. அந்தக் கடையில் முன்பணம் கொடுத்து, பையன் எப்போது வந்தாலும் கேட்டதைச் செய்து கொடுங்கள் என்று சொல்லிவைத்தது ஒரு போலீஸ்காரர். வாக்கிடாக்கியில் இத்தனை நாள் வாதாடிய அதே ஆள்.

அம்மாவுக்கு நான் இதைச் சொன்னேன். ஒன்றும் பேசவில்லை. மறுநாள் கடைசிப் பகுதி முடிந்து, கார் அந்த நீண்ட சாலையில் போய்க்கொண்டே இருந்து பெயர்கள் ஓடத் தொடங்கியதும், நான் ‘ஐயோ இப்படி விட்டுட்டாங்களே’ என்று கத்துகிறேன். அம்மா கேட்டது ஒன்றுதான்: ‘அந்தாளு இத்தனை வருசம் எங்க சாப்பிட்டாரு?’


கருப்புக்கோட்டு:

வழக்கறிஞராக ஒரு குறிப்பு. வேலை விட்டு வந்தும் விடாது பாருங்கள்.

முதல் இரண்டு பகுதியில் பலர் குழம்பியிருப்பீர்கள். 2000-இல் கடத்தப்பட்ட சிறுமி யுன்ஜங்கின் வழக்கில் குற்றவாளி மீது வழக்குப் போடுவதற்கான 15 வருடக் கெடு முடியப்போகிறது, நிமிடங்கள் ஓடுகின்றன, அதற்குள் குற்றவாளியை மடக்க வேண்டும் என்று எல்லோரும் ஓடுகிறார்கள். நம் ஊரில் கொலைக்கு அப்படி ஒரு கெடு கிடையாது. மூன்று ஆண்டு வரை தண்டனை உள்ள சிறு குற்றங்களுக்குத்தான் நம் சட்டத்தில் காலவரம்பு. கொரியாவில் கொலைக்கே 15 ஆண்டு என்று இருந்தது. 2007 டிசம்பரில் அதை 25 ஆக்கினார்கள், ஆனால் அது அதற்குப் பிறகு நடந்த கொலைகளுக்கு மட்டும்.

இந்தக் கெடு எடுபட்ட கதை தொடரைவிடக் கனமானது. 1999 மே மாதம் டேகு நகரில் ஆறு வயதுப் பையன் மீது யாரோ அமிலம் ஊற்றினார்கள். 49 நாள் போராடி இறந்தான். குற்றவாளி அகப்படவே இல்லை. அவன் பெயரால் ‘டேவான் சட்டம்’ என்று அழைக்கப்பட்ட திருத்தம் 2015 ஜூலை 24 அன்று நிறைவேறி, ஜூலை 31-இல் நடைமுறைக்கு வந்தது. கொலைக்குக் காலவரம்பு இனி இல்லை. ஆனால் ஏற்கெனவே கெடு முடிந்துபோன வழக்குகளுக்கு அது பொருந்தாது. அந்தப் பையனின் வழக்குக்கே அது உதவவில்லை.

இப்போது தொடருக்கு வாருங்கள். ஜூலை 31-இல் உயிரோடிருந்த வழக்குகள் மட்டும்தான் தப்பும். அதாவது பழைய 15 வருடக் கணக்கில் 2000 ஆகஸ்ட் தொடக்கத்துக்குப் பிறகு நடந்த கொலைகள். யுன்ஜங் வழக்கு அதற்கு இரண்டு நாள் முன்பே செத்துவிட்டது. ஹேயங்கின் அண்ணனைக் கொன்று தற்கொலை போல் காட்டியது 2000-இன் முற்பகுதி, அதுவும் போய்விட்டது. ஜேஹான் கொல்லப்பட்டது? ஆகஸ்ட் 3. மூன்றே நாளில் தப்பிய வழக்கு அது.

எழுத்தாளர் காலண்டரைப் பார்த்துத்தான் அந்தத் தேதியை வைத்தாரா என்று நான் சத்தியம் செய்யமாட்டேன். ஆனால் நான் பதினாலாம் பகுதியை நிறுத்திவிட்டு விரல்விட்டு எண்ணினேன். எண்ணி முடித்தபோது கை மயிர் சிலிர்த்தது. ஹேயங்கால் தன் அண்ணனுக்கு நீதிமன்றத்தில் ஒன்றும் வாங்கித்தர முடியாது. அண்ணனுக்காகச் செத்த மனிதருக்குத்தான் முடியும். கணக்கப்பிள்ளை அண்ணே, உங்கள் தாளில் இதையும் ஒரு கோடு போட்டுக்கொள்ளுங்கள்.


கணக்கப்பிள்ளை:

போட்டுக்கொண்டேன். இது எனக்குத் தோன்றவே இல்லை. நினைவு மிஞ்சுவது பற்றிய என் புகார் அப்படியே இருக்கிறது, அதை வாபஸ் வாங்கமாட்டேன்.


ஒரகடம்வாசி:

நான் பகிர்வது கடைசிப் பகுதியைப் பற்றி மட்டும் இல்லை, மன்னிக்கவும்.

கார் கம்பெனி வேலை. 2019-இல் பயிற்சிக்காக நம்யாங் ஆராய்ச்சி மையத்துக்கு அனுப்பினார்கள். ஸ்ரீபெரும்புதூர் பக்கம் வேலை செய்கிறவர்களுக்கு இந்தப் பெயர் பழக்கம், வருடத்துக்குச் சிலராவது போய்வருவோம். ஹுண்டாயின் பெரிய ஆராய்ச்சி மையம் அது. எந்த மாவட்டம், எந்த ஊர் என்றெல்லாம் பார்க்காமல் போய் இறங்கினேன். போன பிறகுதான் பலகையில் பார்த்தேன்: ஹ்வாசோங்.

‘சிக்னல்’ பார்த்தவர்களுக்கு, இரண்டாம் பகுதியில் தொடங்கும் கியோங்கி தெற்குத் தொடர்கொலைகள் ஞாபகம் இருக்கும். பேருந்து, வயல்வெளி, இருட்டு, ஜேஹானுக்குப் பிடித்த பெண் கொல்லப்படுவது. அவள் கொடுத்துவைத்திருந்த சினிமா டிக்கெட்டோடு அவர் தியேட்டரில் தனியாக உட்கார்ந்து, நகைச்சுவைப் படத்துக்கு எல்லோரும் சிரிக்க அவர் மட்டும் அழுவது. அந்த வழக்கின் அசல் 1986-க்கும் 1991-க்கும் நடுவில் ஹ்வாசோங்கில் நடந்த பத்துக் கொலைகள். சுமார் 21 ஆயிரம் பேரை விசாரித்தும் ஆள் கிடைக்கவில்லை. கடைசிக் கொலையின் கெடு 2006 ஏப்ரலில் முடிந்துபோனது.

நான் அங்கே இருந்த செப்டம்பரில்தான் செய்தி வந்தது. மதியச் சாப்பாட்டு நேரம். கேன்டீன் தொலைக்காட்சியில் சத்தம் குறைவாக இருந்தது, ஆனால் வரிசையில் தட்டோடு நின்றவர்கள் எல்லாம் திரும்பிப் பார்த்தார்கள். பழைய ஆதாரத் துணிகளில் இருந்த மரபணுவை மறுபடி சோதித்ததில் ஆள் யாரென்று தெரிந்துவிட்டது. லீ சுன்-ஜே. அவன் எங்கேயும் ஓடி ஒளியவில்லை. 1994-இல் மனைவியின் தங்கையைக் கொன்ற குற்றத்துக்கு ஆயுள் தண்டனை பெற்று பூசான் சிறையில் இருபத்தைந்து வருடமாக உட்கார்ந்திருந்தான். அப்புறம் 14 கொலைகளை ஒப்புக்கொண்டான். கெடு முடிந்ததால் அவற்றில் ஒன்றுக்குக்கூட அவன் மீது வழக்குப் போட முடியாது.

என் எதிரே உட்கார்ந்திருந்தவர் நாற்பதைக் கடந்தவர், அதே பகுதியில் பிறந்து வளர்ந்தவர். மூன்று மாதப் பழக்கம். எனக்கு ஆர்வக்கோளாறு. ‘சிக்னல் பார்த்தீங்களா, அதில் இதுதானே’ என்று ஆரம்பித்துவிட்டேன். அவர் சாப்பிடுவதை நிறுத்தவில்லை. கொஞ்ச நேரம் கழித்துச் சொன்னார், நான் ஆங்கிலத்தில் கேட்டதை நம் பேச்சில் எழுதுகிறேன்: ‘அந்தத் தொடர் வந்தப்போ எங்க வீட்ல யாரும் பார்க்கல. எங்கம்மா மழை பெய்ஞ்சா அக்காவுக்குச் சிவப்புச் சட்டை போட விடமாட்டாங்க. அவன் மழையில சிவப்பு உடுத்துனவங்களத்தான் பிடிப்பான்னு ஊரெல்லாம் பேச்சு. அது நெசமா பொய்யான்னு இன்னும் எனக்குத் தெரியாது.’

அதன் பிறகு அந்தப் பேச்சை நான் எடுக்கவில்லை. சில நாளில் இன்னொன்று கவனித்தேன். ஊர்க்காரர்கள் கேட்டுக்கொண்டிருந்தது வழக்கின் பெயரை மாற்றச் சொல்லி. வீடு வாங்க வருகிறவன், பள்ளியில் சேருகிற பிள்ளை, எல்லோருக்கும் ஊர்ப் பெயர் சொன்னால் முதலில் கொலைதான் ஞாபகம் வருகிறது. அந்த டிசம்பரில் போலீஸே அதை ‘லீ சுன்-ஜே தொடர்கொலை வழக்கு’ என்று மாற்றிவிட்டது. ஊரின் டோங்டான் பக்கம் போனால் அடுக்குமாடிகள் வானத்தை முட்டி நிற்கும். தொடரில் பார்த்த வயலைத் தேடினேன் என்று சொல்ல வெட்கமாக இருக்கிறது. தேடினேன்.

இன்னொன்று சொல்லாமல் இருக்க முடியவில்லை. பத்தில் எட்டாவது கொலைக்கு மட்டும் அப்போதே ஒருவரைப் பிடித்துவிட்டார்கள். இளம்பிள்ளைவாதத்தால் கால் ஊனமானவர், 22 வயது. ஒப்புதல் வாக்குமூலம் வாங்கினார்கள். 20 வருடம் சிறையில் இருந்தார். உண்மையான ஆள் ஒப்புக்கொண்ட பிறகு மறுவிசாரணை நடந்து, 2020 டிசம்பர் 17 அன்று அவர் குற்றமற்றவர் என்று தீர்ப்பு வந்தது. அதைப் படித்த அன்று ‘சிக்னல்’ கடைசி இரண்டு பகுதியை மறுபடி போட்டுப் பார்த்தேன். செய்யாத குற்றத்தைச் சுமந்த ஹேயங்கின் அண்ணன், இன்ஜு என்ற ஊரின் பள்ளி மாணவி வழக்கு, அவன் ஒரு சிவப்புக் கழுத்துத்துணியை ஆதாரமாகக் காப்பாற்றி வைத்தது, கடைசியில் அதற்காகவே கொல்லப்பட்டது. முதல் தடவை பார்க்கும்போது கொஞ்சம் மிகை என்று நினைத்திருந்தேன். இரண்டாம் தடவை அப்படித் தோன்றவில்லை. தொடர் 2016-இல் முடிந்தது. நிஜம் அப்போது இன்னும் பாதிதான் வந்திருந்தது.


அடைமழை:

ஒரகடம் அண்ணா, தட்டோடு திரும்பிப் பார்த்தவர்கள் என்று எழுதிய வரியைத் தாண்டிப் போக எனக்குக் கொஞ்ச நேரம் ஆனது.


சின்னமனூர்க்காரி:

நான் இந்த மாதிரி இடத்தில் எழுதுகிறவள் இல்லை. வாசித்துவிட்டுப் போய்விடுவேன். அடைமழை அக்கா போர்வைக்குள் பார்த்ததாகச் சொன்னதால் எழுதுகிறேன்.

எங்கள் சித்தப்பா 2003-இல் திருப்பூருக்கு வேலைக்குப் போகிறேன் என்று கிளம்பினார். போய்ச் சேரவில்லை. பனியன் கம்பெனிப் பக்கமெல்லாம் அப்பா போட்டோவோடு அலைந்தார். எனக்கு அப்போது ஏழு வயது.

‘சிக்னல்’ தொடக்கத்தில் ஒரு காட்சி அடிக்கடி வரும். அடையாளம் தெரியாத பிணம் எங்கே கிடைத்தாலும் சூஹ்யுன் போய் நிற்பார். ஜேஹானுக்குத் தோளில் அறுவை செய்து உலோகம் வைத்திருக்கும். எலும்பில் அது இருக்கிறதா என்று பார்ப்பார். இல்லை என்று தெரிந்ததும் வெளியே வருவார். அந்த முகத்தில் நிம்மதி இருக்கிறதா ஏமாற்றமா என்று சொல்லவே முடியாது. நடிகை கிம் ஹே-சூவுக்கு அந்த வருடம் கொரியாவின் பேக்சாங் விருதுகளில் சிறந்த நடிகை விருது கிடைத்தது. நானாக இருந்தால் அந்த ஒரு முகத்துக்கே கொடுத்திருப்பேன்.

அந்த முகம் எனக்குத் தெரியும். எங்கள் சித்தப்பாவுக்கு இடது காலில் இரண்டு விரல் ஒட்டியிருக்கும். எங்கேயாவது ஆள் தெரியாத பிணம் என்றால் ஸ்டேஷனிலிருந்து ஆள் வரும், அப்பா வேட்டியை மாற்றிக்கொண்டு கிளம்பிப் போவார். முகத்தைப் பார்க்கமாட்டாராம். நேராகக் காலைத்தான் பார்ப்பாராம். இதெல்லாம் அம்மா எனக்குப் பின்னால் சொன்னது. எனக்குத் தெரிந்தது, அப்பா திரும்பி வந்து கிணற்றடியில் குளித்துவிட்டு, துண்டைப் பிழியாமல் கையில் வைத்துக்கொண்டு நிற்பார். பாட்டி திண்ணையில் இருந்து பார்க்கும். அப்பா தலையை இல்லை என்று ஆட்டுவார். அப்புறம் வீட்டில் சோறு வடிக்கிற சத்தம் கேட்கும். அவ்வளவுதான்.

கருப்புக்கோட்டு ஐயா சட்டம் எழுதியதால் இதையும் சொல்கிறேன். ஏழு வருடம் ஒரு தகவலும் இல்லாவிட்டால் ஆள் இறந்ததாக எடுத்துக்கொள்ளலாம் என்று 2010-இல் பாகம் பிரிக்கும்போது வக்கீல் சொன்னார். அப்பாவும் சரி என்றார். பாட்டி கையெழுத்துப் போடவில்லை. ‘உங்க சட்டத்துக்கு அவன் செத்திருக்கலாம், எனக்கு இல்ல’ என்று உள்ளே போய்விட்டது. நிலம் பிரியாமலேயே கிடந்தது. 2017-இல் ரேஷன் அட்டையை ஸ்மார்ட் அட்டையாக மாற்றினார்கள் இல்லையா, ஒவ்வொருவருக்கும் ஆதார் எண் கேட்டார்கள். சித்தப்பாவுக்கு ஏது ஆதார்? புது அட்டையில் அவர் பெயர் இல்லை. பாட்டி பழைய அட்டையைத் திருப்பிக் கொடுக்கவில்லை. பெட்டியில் சேலைக்கு அடியில் வைத்துக்கொண்டது. அந்த வருடக் கடைசியில் போய்விட்டது.

நான் ‘சிக்னல்’ பார்த்தது 2021-இல், கல்லூரி வீட்டிலிருந்தே நடந்த காலம். ஜேஹானின் எலும்பு கிடைத்த இடத்தோடு நான் நிறுத்திவிட்டேன். சூஹ்யுனுக்கு அவர் வைத்திருந்த பட்டப்பெயர் ‘அரை ஆள்’, பாதி எண்ணிக்கை என்ற அர்த்தத்தில். இளம் பெண் போலீஸாக வந்தபோது கேலியாக வைத்தது. வேன் ஓட்டக் கற்றுக்கொடுத்ததும் அவர்தான். காணாமல் போவதற்கு முன்பு அவளிடம், இந்த வேலை முடியட்டும், வார இறுதியில் பேசிக்கொள்ளலாம் என்று சொல்லிவிட்டுப் போகிறார். அந்த வார இறுதி பதினைந்து வருடமாக வரவில்லை. அப்புறம் எலும்பாக வருகிறார். எனக்கு அதற்கு மேல் வேண்டாம் என்று மூடிவைத்துவிட்டேன்.

என் தம்பிதான் சொன்னான், அதற்கப்புறமும் இருக்கிறது, பார் என்று. சூஹ்யுனுக்கும் வாக்கிடாக்கியில் அவர் குரல் கேட்கிறது என்றான். பார்த்தேன். புதைத்துவிட்டு வந்த ஆளின் குரல் அந்தப் பெட்டிக்குள்ளிருந்து வருகிறது, 2000-இலிருந்து. அவருக்குத் தான் சாகப்போவது தெரியாது. அவள் அழுதுகொண்டே, அந்தத் தேதியில் அந்த மருத்துவமனைக்குப் போகாதீர்கள் என்கிறாள். எத்தனையோ சொல்ல வேண்டியிருக்கும், ஆனால் நேரம் இல்லை, அந்த ஒன்றைத்தான் சொல்ல முடிகிறது. நான் அப்போது யோசித்தது பாட்டியை. பாட்டிக்கு ஒரு நிமிடம் அப்படிக் கிடைத்திருந்தால் திருப்பூர் பஸ் ஏறாதே என்று சொல்லியிருக்கும்.

கடைசிப் பகுதியை அப்பாவோடு பார்த்தேன். திட்டம் போட்டு இல்லை. கூடத்தில் மடிக்கணினியில் ஓடிக்கொண்டிருந்தது, அவர் வந்து நாற்காலியில் உட்கார்ந்தார். இவர்கள் எங்கே போகிறார்கள் என்று கேட்டார். காணாமல் போன ஒருவரைத் தேடிப் போகிறார்கள், தூரத்தில் ஒரு மருத்துவமனையில் இருக்கலாம் என்று துப்புக் கிடைத்திருக்கிறது, ஆனால் வராதே என்று சேதியும் வந்திருக்கிறது என்றேன். ‘அப்படின்னா உயிரோட இருக்கானா?’ என்றார். அப்போது திரையில் அந்த அறை வந்தது. ஜேஹான் உட்கார்ந்திருக்கிறார். இருக்கிறார், அவ்வளவுதான் காட்டுகிறார்கள். இவர்கள் போய்ச் சேர்ந்தார்களா, முன்னால் யார் போய்ச் சேர்ந்தது, ஒன்றும் இல்லை. சாலை மட்டும்.

கணக்கப்பிள்ளை ஐயா மாதிரிதான் என் தம்பியும் திட்டினான். எனக்கு என்ன தோன்றியது என்று சொல்லத் தெரியவில்லை. எலும்பை எடுத்துக் கையில் கொடுத்துவிட்டு, அப்புறம் அதைத் திரும்ப வாங்கிக்கொண்டு, ‘தெரியவில்லை, தேடு’ என்று அனுப்பிவிட்டார்கள். சூஹ்யுன் முதல் பகுதியில் இருந்த இடத்துக்கே வந்துவிட்டாள் என்றுகூடச் சொல்லலாம். ஆனால் காரில் போகும்போது அவள் முகம் பிணவறைக்கு வெளியே பார்த்த முகம் இல்லை.

அப்பா பெயர்கள் ஓடி முடியும்வரை உட்கார்ந்திருந்தார்.


கணக்கப்பிள்ளை:

தங்கச்சி, நான் எழுதியதை அழிக்கப்போவதில்லை, அது அந்தக் கதையின் ஓட்டையைப் பற்றியது. ஆனால் நீங்கள் எழுதியதைப் படித்த பிறகு அந்தத் தாளை எடுத்துப் பார்த்தேன். 2015-க்கு அப்புறம் நான் கோடே போடவில்லை.


வெந்தயக்குழம்பு:

அம்மாவுக்கு இதை வாசித்துக் காட்டினேன். உங்கள் சித்தப்பா பெயர் என்ன என்று கேட்கச் சொன்னது. இங்கே எழுத வேண்டாம், தனியாகச் சொன்னால் போதும். வெள்ளிக்கிழமை விளக்கேற்றும்போது சொல்லுமாம்.


சின்னமனூர்க்காரி:

அனுப்பியிருக்கிறேன் அக்கா. அப்பா நேற்று ராத்திரி சாப்பிட்டுக்கொண்டே கேட்டார், அந்தப் போலீஸ்காரர்கள் கதைக்கு அடுத்த பாகம் வந்துவிட்டதா என்று.